துறைமேடையில் உஷ்காரர் வாய் திறந்த நாள்

பிறந்த தேதிப்படி அவருக்கு ஐம்பத்தெட்டு வயது. உடம்பின்படி ஐம்பத்தொன்று. நடுவில் காணாமல் போன ஏழு வருடங்களைப் படகுத்துறையின் இரைச்சல் தின்றுவிட்டது.

அந்த ஊரில் இது யாரையும் ஆச்சரியப்படுத்துகிற கணக்கு இல்லை. அங்கே சத்தம் இருக்கும் இடத்தில் நேரம் தேங்கும். வாய்க்காலில் சருகு அடைத்ததுபோல, இரைச்சலில் அகப்பட்டவர்களின் நேரம் நின்று நின்று நகரும். அமைதியான இடத்தில் தடையில்லாமல் ஓடும். சூரியன் எல்லோருக்கும் ஒன்றுதான். ஆனால் நூலகத்தில் உட்கார்ந்திருப்பவர் ஒரு முழுப் பகலை வாழ்ந்து முடிக்கும்போது, தகரப் பட்டறையில் இருப்பவர் முக்கால் பகல்தான் வாழ்ந்திருப்பார். இதைத் தேக்கம் என்கிறார்கள். காற்று, மழை மாதிரி இதுவும் ஒன்று. யாரும் நின்று வியப்பதில்லை. அலுத்துக்கொள்வது மட்டும் உண்டு.

அலுத்துக்கொள்ள நிறையவே இருக்கிறது. அலாரம் அடிக்கும் கடிகாரத்தை அங்கே யாரும் வாங்குவதில்லை. அது அடிக்க அடிக்கத் தூங்குபவரின் நேரம் தேங்கும். அவர் புரண்டு படுப்பதற்குள் ஊர் வேலைக்குப் போய்விடும். 'ரெண்டே வார்த்தை' பேசுவதாகச் சொல்லி ஒலிபெருக்கியைப் பிடித்த தலைவரின் கூட்டத்துக்குப் போனவர்கள் வீடு திரும்பினால், போட்டுவைத்த சோறு ஆறி, அடுத்த வேளைச் சோறும் ஆறியிருக்கும். அழுத பிள்ளை பால் குடிக்கும் என்று அங்கேயும் சொல்கிறார்கள். 'ஆனால் பல் முளைக்காது' என்று கூடவே சேர்த்துக்கொள்கிறார்கள்.

அவருக்கு ஒரு தம்பி. நூலகத்தில் புத்தகங்களுக்கு அட்டை போடுபவர். பேசாமல் வேலை பார்த்தே தலை முழுக்க நரைத்துவிட்டது. விசேஷ வீடுகளில் இருவரையும் சேர்த்துப் பார்ப்பவர்கள் தம்பியிடம்தான், "இவர் உங்க தம்பியா?" என்று கேட்பார்கள். ஒருநாள் தம்பி அதையே பிடித்துக்கொண்டார்.

"நியாயமா பாத்தா நீதான் என்னை அண்ணான்னு கூப்பிடணும்."

"நரைச்சதெல்லாம் அண்ணன்னா, உன் வீட்டுப் பூனையும் எனக்கு அண்ணன்தான். போய் வேலையைப் பாருடா."

படகுத்துறையில் அவர் பார்த்த வேலைக்கு அமைதிக் காவலர் என்று பெயர். ஊரில் உஷ்காரர். அக்கரைக்கு வாரம் ஒருமுறை ஒரு பெரிய பாய்மரப் படகு போகிறது. காற்று திரும்புவதற்குள் கிளம்பியாக வேண்டும் என்பதால் அது யாருக்காகவும் நிற்காது. சங்கு ஊதுவதில்லை, மணி அடிப்பதில்லை. கொடி இறங்கினால் பலகையைத் தூக்கிவிடுவார்கள். துறைமேடையில் கூட்டம் இரைச்சல் போட்டால், மேடையில் நிற்பவர்களின் கண்ணுக்குப் படகுக்காரர்கள் எறும்புகள் மாதிரி பரபரவென்று ஓடுவார்கள். படகிலிருந்து பார்த்தால் மேடை முழுக்கத் தேனில் விழுந்த ஈக்கள். வழியனுப்ப வந்தவர்கள் பயணியின் கையைப் பிடித்து ஒரு மூச்சு அழுது நிமிர்வதற்குள் படகு நடு நீரில் இருக்கும்.

அப்படி நடக்காமல் பார்ப்பதுதான் அவர் வேலை. நுழைவாயிலில் ஒவ்வொருவர் கையிலும் மடித்த துணி ஒன்றைக் கொடுப்பார். அழுகை வந்தால் வாயில் வைத்துக்கொள்ள வேண்டியது. பாதிப்பேர் அதால் முகம் துடைத்தார்கள். ஒருவர் பெட்டியின் தூசியைத் தட்டினார். பிறகு உதட்டில் விரலை வைத்தபடி, துணி அடி வைத்த செருப்போடு மேடையின் இந்தக் கோடிக்கும் அந்தக் கோடிக்கும் நடப்பார். 'அமைதி காக்கவும்' என்று எழுதிய தட்டியைத் தூக்கிப் பிடித்தால், அதைச் சத்தமாக வாசித்துக் காட்டுவதற்கென்றே ஒவ்வொரு குடும்பத்திலும் ஒருவர் வந்திருப்பார். பக்கத்தில் இருப்பவர், "என்ன எழுதியிருக்கு?" என்று கேட்பார். அவர் மறுபடி வாசிப்பார்.

அவரை உண்மையில் நோகடித்தவர்கள் பேசுபவர்கள் இல்லை. பேசுபவர்களை அடக்குபவர்கள். 'சத்தம் போடாதீங்கய்யா!' என்று கத்தி அவருக்கு உதவி செய்பவர்கள் ஒவ்வொரு படகுக்கும் பத்துப்பேராவது இருந்தார்கள். அடக்குகிற சத்தமும் சத்தம்தான் என்பதை அவர்களுக்கு விளக்க வேண்டுமானால் அவர் வாய் திறந்து பேச வேண்டும். துறை விதிப்படி பணியாளர் மேடையில் வாய் திறக்கக் கூடாது. ஆகவே கண்ணாலேயே கெஞ்சுவார். 'பாவம், ஊமை' என்று வெளியூர்க்காரர்கள் இரக்கப்பட்டுச் சொல்லிவிட்டுப் போவார்கள், அதையும் சத்தமாக.

வீட்டுக்கு வந்தால் அங்கே வேறு கூத்து. மனைவிக்குத் தறி ஆலையில் வேலை. நாலாவது தறியில் நிற்பவளோடு பேசிப் பழகிய தொண்டை; மனைவி வீட்டில் ரகசியம் சொன்னால் மூன்றாம் வீட்டிலிருந்து பதில் வரும். மனைவியின் அண்ணன், அதாவது மச்சான், காய்கறி மண்டியில் ஏலம் கூறுபவர். எதிரெதிர் வீடு. இரண்டு பேரும் சாப்பாட்டு நேரத்தில் குடும்ப விஷயம் பேசினால் அந்தத் தெருவே கொஞ்சம் தாமதமாகும். பள்ளிக்கூட வண்டிக்காரர் இவர்கள் தெருவைக் கடைசியில்தான் வைத்திருந்தார்.

இந்த இரைச்சலில் பிள்ளைக்குப் படிக்க நேரம் ஏது? ஒரே மகள். மேல்வகுப்புக்குப் போனதும் அவளைச் சித்தப்பா வீட்டில் விட்டார்கள். நூலகத்துக்குப் பின்புறம், பிள்ளை இல்லாத வீடு. சுவர்க் கடிகாரத்தைக்கூடத் துணி சுற்றி வைத்திருந்தார்கள். இவர்கள் வீட்டுக் கணக்கில் அங்கே ஒரு மாலைக்குள் ஒன்றரை மாலை படிக்கலாம். அவள் படித்தாள். ஒவ்வொரு விடுமுறைக்கும் வரும்போது, தாங்கள் விட்டதைவிடப் பெரியவளாக வந்து நின்றாள். மனைவிக்கு அந்த ஆற்றாமை கடைசிவரை போகவில்லை. "அவ வளந்ததுல பாதியை நான் பாக்கல. தறி பாத்துடுச்சு" என்பார்.

அக்கரையிலுள்ள பெரிய மருத்துவமனையின் ஆய்வுக்கூடத்தில் மகளுக்கு ரத்தப் பரிசோதனை வேலை கிடைத்தது. உத்தரவு வந்து சேரும்போது முந்தைய படகு போயிருந்தது. அடுத்த படகு போய்ச் சேரும் நாள்தான் வேலையில் சேரக் கடைசி நாள். அன்று மாலை அலுவலகம் மூடுவதற்குள் போய் நிற்கவில்லையென்றால் இடம் அடுத்தவருக்கு. ஒரே படகு, ஒரே வாய்ப்பு. இத்தனை வருடம் அந்த மேடையில் படகைத் தவறவிட்டு உட்கார்ந்து அழுதவர்களை எண்ணிலடங்காமல் பார்த்தவருக்கு, அன்றிலிருந்து தூக்கம் போயிற்று.

அவர் ஒரு முடிவுக்கு வந்து அதைக் குடும்பத்தின் முன் வைத்தார். வழியனுப்புவதை வீட்டிலேயே வைத்துக்கொள்வோம். துறைக்கு மகளும் அவரும் மட்டும் போவது.

அன்று தெரு ரொம்பவே தாமதமானது. பெற்றவள் வரக் கூடாதா என்றார் மனைவி. தாய்மாமன் என்ன தெருவில் போகிறவனா என்றார் மச்சான். ஊரான் பெண்டாட்டி பிள்ளைகளுக்கெல்லாம் துணி மடித்துக் கொடுக்கிறவருக்குச் சொந்தப் பெண்டாட்டியை நம்ப முடியவில்லையாம் என்று பேச்சு எங்கெங்கோ போனது. கடைசியில் மச்சான் நெஞ்சில் கை வைத்துக்கொண்டார்.

"மாப்ளே, சத்தியமா நான் வாயே திறக்க மாட்டேன்."

"இதையே எவ்வளவு சத்தமா சொல்றீங்க பாருங்க."

"இது என் மெதுவான குரல்."

சமரசமாக, சத்தமில்லாமல் அழப் பழகிக்கொள்வது என்று ஆயிற்று. படகு நாளுக்கு முந்தைய நாட்களில் தினமும் மாலை அவர்கள் வீட்டுக் கூடத்தில் ஒத்திகை நடந்தது. மகள் பெட்டியோடு வாசல்வரை நடப்பாள். மனைவி துணியைக் கடித்துக்கொண்டு அழுவார். மச்சான் அழுதால் குறையில்லை, மூக்கைச் சிந்தும்போதுதான் மண்டி ஞாபகம் வந்தது. அதற்காகத் தனியாக ஒரு தலையணை. தம்பி ஓரமாக உட்கார்ந்து, தன் இயல்பான மௌனத்தில், யாருக்கும் தெரியாமல் உண்மையிலேயே அழுதுகொண்டிருந்தார். மகளுக்குத்தான் பொறுமை போய்விட்டது. "நான் செத்தா போறேன்? வேலைக்குப் போறேன்ப்பா" என்றாள் நாலாவது தடவை வாசலுக்கு நடந்தபோது.

படகு நாள். காலை வெயில். மேடையில் நல்ல கூட்டம். அவர் சீருடையில் இருந்ததால் குடும்பத்தோடு நிற்க முடியாது. துணி கொடுத்து உள்ளே விட்டார், மற்றவர்களுக்குக் கொடுத்த மாதிரியே. சொன்னால் நம்பமாட்டீர்கள், அன்று கூட்டமே அடங்கி இருந்தது. உஷ்காரர் மகள் போகிறாள் என்று தெரிந்தவர்கள் தெரியாதவர்களுக்குக் கண் ஜாடை காட்டியிருந்தார்கள். மனைவி துணியை இறுகக் கடித்திருந்தார். மச்சான் இரண்டு கையாலும் வாயைப் பொத்தியிருந்தார். வரிசை நகர்ந்தது. படகுக்காரர்கள் சாதாரண மனிதர்கள் நடக்கிற வேகத்தில் நடந்தார்கள். மகளுக்கு முன்னால் நாலைந்து பேர்தான்.

அப்போது அவள் பெட்டியை ஒரு கையிலிருந்து மறு கைக்கு மாற்றினாள். பெட்டி லேசாகச் சாய்ந்தது. மச்சானுக்குப் பொறுக்கவில்லை. கையை எடுத்துவிட்டு ரகசியமாக, அதாவது மேடையின் இரு கோடிக்கும் கேட்கும்படி, "ரெண்டு கையாலயும் பிடிம்மா" என்றார்.

பக்கத்தில் இருந்த ஒருவர், 'உஷ்' என்றார். அவரைப் பார்த்து இன்னும் நாலுபேர், 'உஷ்ஷ்' என்றார்கள். அந்த நாலுபேரை அடக்க இருபதுபேர் சேர்ந்தார்கள். மேடையே சீறத் தொடங்கியது. உஷ்காரர் படகைப் பார்த்தார். கயிறு சுற்றிக்கொண்டிருந்தவரின் கை சற்று வேகமாகச் சுற்றியது. பார்த்துப் பழகிய கண்ணுக்கு அது போதும். அவர் செய்ய வேண்டியது ஒன்றுதான்: விரலை உதட்டில் வைத்துக்கொண்டு, கூட்டத்தின் முன்னால் வந்து நின்று, காத்திருப்பது. ஆயிரம் தடவை செய்தது. தானாக அடங்கியிருக்கும்.

அவர் கத்தினார்.

"யாரும் வாயைத் திறக்காதீங்க! என் பொண்ணு போகணும்!"

ஊமை பேசியதும் மேடை அதிர்ந்தது. 'இவர் பேசுவாரா?' என்று பாதிக் கூட்டம் கேட்டது. மீதிக் கூட்டம் பதில் சொன்னது. மனைவி துணியை எடுத்துவிட்டு, "நீங்களே கத்தினா எப்படிங்க?" என்று தறி ஆலைக் குரலில் கேட்டார். மச்சான், "மாப்ளே, வாயை மூடுங்க" என்று ஏலம் கூறினார். உதவி செய்கிற பத்துப்பேரும் ஒருசேர உதவிக்கு வந்தார்கள். எங்கிருந்தோ ஒரு குழந்தை வீறிட்டது.

படகிலிருந்து பார்த்தவர்கள் பிற்பாடு சொன்னது இது. முன்னால் இருந்தவர்கள் ஏறியதும் அந்தப் பெண் பலகையில் ஏற ஒரு காலைத் தூக்கினாள். அவர்கள் கொடியை இறக்கி, கயிற்றைச் சுருட்டி, பலகையைத் தூக்கி, பாயை விரித்தார்கள். அத்தனையும் முடிந்து திரும்பிப் பார்த்தபோது தூக்கிய கால் இன்னும் அந்தரத்தில் இருந்தது.

அவள் காலை வைத்தபோது பலகை இல்லை. பின்னால் நின்றவர் சட்டென்று தோளைப் பிடித்திழுத்ததால் தண்ணீரில் விழவில்லை.

படகு போய்விட்டது தெரிந்ததும் மேடை தானாக அடங்கியது. எப்போதும் அப்படித்தான். அவர் தூணில் சாய்ந்து நின்றார். மனைவி அருகில் வந்தார். இப்போதுதான் முதன்முறையாக மனைவியின் குரல் உண்மையிலேயே மெதுவாக இருந்தது.

"ஊரையே அடக்கினீங்க. உங்க ஒரு வாயை அடக்க முடியலையே."

மச்சான் தன்னைத் தானே திட்டிக்கொண்டு நடந்தார், அதற்கும் சுற்றி இருந்தவர்கள் 'உஷ்' என்றார்கள். தம்பி மட்டும் அண்ணன் கையைப் பிடித்துக்கொண்டார்.

மகள் பெட்டியைக் கீழே வைத்தாள். இவர்கள் எல்லோரையும் ஒருமுறை பார்த்தாள். அழவில்லை. அந்த இரைச்சலில் முழுக்க வளராத பெண் அவள் என்பது அப்போது தெரிந்தது.

"எல்லாரும் அழுது முடிச்சாச்சுன்னா, யாராவது போய் ஒரு துடுப்புப் படகு பிடிங்க."

துறையின் மறுபக்கம் மீன் வலை உலர்த்திக்கொண்டிருந்தவர் சம்மதித்தார். ஆனால் துடுப்புப் படகு பாய்மரப் படகைப் பிடிப்பதாவது? காற்று நன்றாக இருந்தது. போகிற படகு கையகலத்துக்குச் சிறுத்திருந்தது. மகள் ஏறி உட்கார்ந்தாள்; பெட்டியை ஏற்றுவதற்குள் வலைக்காரர் துடுப்பைப் போட்டுவிட்டார். பெட்டி கரையிலேயே நின்றது.

அந்தப் பெட்டியைப் பார்த்ததும்தான் மச்சானுக்கு அந்த யோசனை வந்தது. வாழ்நாளில் அவர் யோசித்துச் செய்த சில காரியங்களில் ஒன்று. பெட்டியைத் தலைக்குமேல் தூக்கிக்கொண்டு மேடையின் கடைசி முனைக்கு ஓடினார். நுரையீரல் நிறைய மூச்சை இழுத்து, ஏல மண்டியின் மொத்த அனுபவத்தையும் திரட்டி, கடலைப் பார்த்துக் கூவினார்.

"படகுல போறவங்க யாரோட பெட்டியோ இங்க கிடக்கு!"

ஒரே ஒரு தடவை. பிறகு வாயைப் பொத்திக்கொண்டார். மற்றவர்களும் என்ன நடக்கிறது என்று புரிந்து மூச்சைப் பிடித்துக்கொண்டார்கள்.

படகில் இருந்தவர்களுக்கு அந்தக் குரல் எட்டியது. ஒவ்வொருவரும் தத்தம் மூட்டையைத் தேடினார்கள். என்னுடையது இருக்கிறது, உன்னுடையது எங்கே என்றார்கள். அப்போதே சொன்னேனே எண்ணிப் பார் என்று கணவன்மார் மனைவிமாரையும், சுமந்தது நீங்கள்தானே என்று மனைவிமார் கணவன்மாரையும் பிடித்துக்கொண்டார்கள். திருப்பு என்று பாதிப்பேரும், திருப்பாதே என்று மீதிப்பேரும் படகோட்டியை முற்றுகையிட்டார்கள். படகோட்டி அமைதி, அமைதி என்று கத்தினார்.

படகு தேங்கியது. கரையிலிருந்து பார்த்தால் பாய் உப்பியபடியே, சுவரில் மாட்டிய படம்போல நின்றது. துடுப்புப் படகு மட்டும் சத்தமில்லாமல் நகர்ந்தது. வலைக்காரர் துடுப்புக்கு ஈரத் துணி சுற்றியிருந்தார். கரையில் யாரும் இமைக்கவில்லை. உஷ்காரர், பழக்கதோஷத்தில், உதட்டில் விரலை வைத்துக்கொண்டு நின்றார். வேலையில் சேர்ந்த நாளிலிருந்து அந்த மேடை அவ்வளவு அமைதியாக இருந்து அவர் பார்த்ததில்லை. எப்போது வேண்டியதோ அப்போது இல்லாமல், இப்போது இருக்கிறார்களே என்று எரிச்சல்தான் வந்தது என்று பிற்பாடு சொன்னார்.

படகில் இருந்தவர்களுக்கு ஒரு பெண் திடீரென்று பக்கவாட்டிலிருந்து முளைத்ததாகத் தெரிந்தது. அவளைத் தூக்கி உள்ளே விட்டார்கள். அந்தப் பெட்டி என்னுடையதுதான் என்று அவள் சொன்னாள். பிறகு எல்லோரும் சேர்ந்து அவளைத் திட்டினார்கள்; அதில் இன்னும் கொஞ்சம் தாமதமானது. அக்கரை சேரும்போது வெயில் சாய்ந்துவிட்டது. அலுவலகத்தில் மேசைகளைத் துடைத்துக்கொண்டிருந்தார்கள். மாற்றுத் துணிகூட இல்லாமல் போய் நின்றவளைச் சேர்த்துக்கொண்டார்கள். மறுவாரப் படகில் பெட்டி போயிற்று.

இங்கே விசாரணை நடந்தது. மேடையில் வாய் திறந்தது ஒரு குற்றம். உறவினரைவிட்டுப் படகைத் தாமதப்படுத்தியது இன்னொன்று. விசாரணை அறை நல்ல அமைதி. வெளியே பெஞ்சில் பேசிக்கொண்டிருந்த மனைவியும் மச்சானும் வாங்கிய தேநீரைப் பாதிகூடக் குடிக்கவில்லை, உள்ளே எல்லாக் கேள்விகளையும் இரண்டு சுற்றுக் கேட்டு முடித்துவிட்டார்கள். ஏன் கத்தினீர்கள் என்றதற்கு, எல்லோரும் 'உஷ்' என்றதால் என்றார். அதிகாரி அதை இரண்டு தடவை வாசித்துப் பார்த்தார். மச்சான் மீது ஒன்றும் செய்ய முடியவில்லை. கிடக்கிற பெட்டியைக் கிடக்கிறது என்று சொல்வது குற்றமாகாது. மண்டியில் அதிலிருந்து அவருக்கு மரியாதை கூடிவிட்டது. தான் இல்லையென்றால் அந்தப் பெண் போயிருக்கவே முடியாது என்கிறார் வாரத்துக்கு இருமுறை. நீங்கள் இல்லையென்றால் நேராகவே போயிருப்பாள் என்று இவரும் வாரத்துக்கு இருமுறை சொல்கிறார். தெரு தாமதமாகிறது.

மேடைக்கு இப்போது வேறு ஆள். இவரைச் சரக்குக் கிடங்குக்கு மாற்றியிருக்கிறார்கள். மூட்டைகளுக்கு நடுவே ஒரு நாற்காலி. பேசுவதற்கு அனுமதி உண்டு. பேச ஆள் இல்லை.

மகளுக்கு முதல் விடுப்பு மழைக்காலம் முடிந்ததும் கிடைக்கிறது. சரக்குப் படகில் வருவதாகத் தகவல் அனுப்பியிருக்கிறாள். அது கிடங்கு வாசலில்தான் நிற்கும்.